காணாத விண்மீன்

"காணாததை நம்பாதே என்கிறீர்களே! உங்கள் விஞ்ஞானிகள் மட்டும், எவர் கண்ணுக்கும் படாத விண்மீன் ஒன்றைக் கற்பித்து, அதற்குப் பெயரும் சூட்டவில்லையா? அவர்கள் கற்பித்தால் ஆராய்ச்சி, எம் முன்னோர் கற்பித்தால் மூடநம்பிக்கையோ?"

பழமைக்குப் பரிந்து பேசுவோர் தொடுக்கும் கணைகளிலே இது சற்றுக் கூரியது. இதற்கு விடையாக, "கண்ணால் கண்டதை மட்டுமே நாங்கள் ஏற்போம்" என்று முழங்கும் தோழர்கள் உண்டு. முழக்கம் நன்று, விடை தவறு. நெப்டியூன் என்னும் கோளை எவரும் கண்டறியுமுன்னரே, யுரேனசின் நடையிலே தோன்றிய பிசகை மட்டும் கொண்டு, அது இருக்கவேண்டிய இடத்தைக் கணக்கிட்டார் பிரெஞ்சு அறிஞர் லெவெரியே. 1846 செப்டம்பரில், பெர்லினில் காலே என்பார் அத்திசையிலே தொலைநோக்கியைத் திருப்பினார். அன்றிரவே அகப்பட்டது! கற்பனை குற்றமாயின், லெவெரியே முதற் குற்றவாளி.

பழமைவாதி சுட்டும் விண்மீனின் கதைக்கு வருவோம்.

டைனோசர்கள் மாண்டு ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அந்தக் காலத்துப் பாறை அடுக்கிலே இரிடியம் என்னும் உலோகம் அளவுக்கு மீறி இருப்பதைக் காட்டி, விண்ணிலிருந்து வந்து மோதிய பொருளே அவ்வழிவுக்குக் காரணம் என்று 1980ல் எடுத்துரைத்தனர் லூயி அல்வாரெசும், அவர் மகன் வால்ட்டரும், துணைவர் இருவரும். 1984ல் சிகாகோப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ராப், செப்கோஸ்கி என்னும் இருவர், 25 கோடி ஆண்டுக் காலத்துப் புதைபடிவக் கணக்கைப் புரட்டிப் பார்த்து, உயிரினப் பேரழிவுகள் ஏறத்தாழ 2.6 கோடி ஆண்டுக்கு ஒருமுறை வருகின்றன என்றனர். மணியடித்தாற்போல் வரும் மரணம்! மணியை அடிப்பது யார்?

கதிரவனுக்கு மங்கலான துணைமீன் ஒன்று உண்டு என்று அதே ஆண்டில் இரு குழுவினர் தனித்தனியே விடை கூறினர். அது ஒருமுறை சுற்றிவர 2.6 கோடி ஆண்டு ஆகும்; நெருங்கி வரும்போதெல்லாம், கதிரவ மண்டலத்தின் எல்லையிலே உறங்கும் வால்மீன் கூட்டத்தைக் கலைத்து, நம் பக்கம் விரட்டிவிடும். இது அவர்கள் கருத்து. டேவிஸ், ஹட், முல்லர் மூவரும் அதற்கு நெமசிஸ் என்று பெயரிட விரும்பினர். செருக்குற்றோரை விடாது துரத்தித் தண்டிக்கும் கிரேக்கத் தெய்வத்தின் பெயர் அது. மாற்றுப் பெயர்களாகக் காளியையும் இந்திரனையும்கூடக் குறித்திருந்தனர். (நல்லவேளை, அவை நிலைக்கவில்லை, நிலைத்திருந்தால், "எல்லாம் வேதத்திலே இருக்கிறது" என்பாருக்கு இன்னொரு சான்று கிடைத்திருக்கும்!)

பெயர் கிடக்கட்டும். அக்கட்டுரையிலே அவர்களே எழுதிய மற்றொரு குறிப்புத்தான் நமக்கு வேண்டுவது. அந்தத் துணைமீன் அகப்படாவிடில், இந்தக் கட்டுரையே தங்களுக்கு நெமசிஸாக முடியுமே என்று அவர்கள் அஞ்சினர். விளையாட்டாக எழுதியதுதான். ஆயினும், தாங்கள் தோற்பதற்கான வழியைத் தாங்களே திறந்து வைத்தனர்.

தேடினர். ஆண்டுக்கணக்கில் தேடினர். பிற விண்மீன்களின் ஈர்ப்பு, அத்தனை தொலைவிலே செல்லும் துணைமீனின் பாதையைக் குலைத்துவிடும், அழிவுகளோ அதற்கு ஒவ்வாத ஒழுங்குடன் வருகின்றன என்று 2010ல் மெலட், பாம்பக் இருவரும் வாதிட்டனர். எந்த ஒழுங்கிலிருந்து அந்த மீன் பிறந்ததோ, அந்த ஒழுங்கே அதற்குப் பகையாயிற்று! 2009 இறுதியில் ஏவப்பட்ட வைஸ் விண்கலம் அகச்சிவப்புக் கதிரால் வானம் முழுவதையும் துழாவியது. பூமிக்கும் கதிரவனுக்கும் உள்ள தொலைவைப்போல் 26,000 மடங்கு வரை வியாழன் அளவுள்ள பொருள் எதுவும் இல்லை என்று 2014ல் லூமன் அறிவித்தார். அதற்கப்பாலும், மங்கலான சிவப்பு விண்மீன் ஒன்று கதிரவனுக்குத் துணையாய் இருந்திருப்பின், முன்னைய கணக்கெடுப்புகளிலேயே சிக்கியிருக்கும். நெமசிஸ் இல்லை என்றே இன்று பெரும்பாலோர் கொள்வர்.

இனி, எம் முன்னோர் கற்பித்த ராகு. அமுதம் உண்ட அசுரனின் அறுபட்ட தலை. கதிரவனையும் நிலவையும் விழுங்குவது. கிரகணம் ஏன் வருகிறது என்று வியந்த மனிதன், அந்நாளில் தனக்குத் தெரிந்த அளவிலே விடை தேடினான். அதற்காக அவனை நாம் ஏசவில்லை. ஆனால், மறைப்பன நிலவும் நிழலுமே என்று ஆரியபட்டர் 499ல் எழுதிவிட்டாரே! நிலவின் பாதையும் கதிரவனின் பாதையும் வெட்டும் இரு புள்ளிகள் கணக்கிற்குத் தேவை. அவற்றிற்கு ராகு, கேது என்று பெயர் வைத்துக்கொள்ளலாம், தடையில்லை. அசுரனுக்கு அங்கே என்ன வேலை?

628ல் நூல் செய்த பிரம்மகுப்தர் கிரகணத்தைக் கணக்கிட வல்லவர்; நிழலைக் கொண்டே கணித்தவர். ஆயினும், ராகுவை மறுப்போரை, வேதத்திற்கும் ஸ்மிருதிக்கும் மாறானவர் என்று கண்டித்தார். நானூறு ஆண்டு கழித்து இந்நாட்டை ஆராய்ந்த அல்பிரூனி, உண்மை அறிந்த ஒருவர் இப்படி எழுதலாமா என்று வருந்தினார். கை கணக்கைப் போடுகிறது, வாய் கதையை ஓதுகிறது! அறியாதவன் பிழையினும் இது கொடிது அன்றோ?

கிரகணத்திலே வேலை இழந்த ராகு ஓய்வு பெற்றதா? இல்லை! நாள்தோறும் ஒன்றரை மணி நேரத்தைத் தனக்கென எடுத்துக்கொண்டது. திங்களன்று காலை 7.30 முதல் 9 வரை, ஞாயிறன்று மாலை 4.30 முதல் 6 வரை என்று நாட்காட்டியிலே இன்றும் அச்சாகிறது. வங்கி வாயிலிலே விண்ணப்பத்துடன் பட்டதாரி காத்து நிற்கிறான். அது கிடக்கட்டும், போவது அவன் நேரம். "ராகு கேது தோஷம்" என்று ஒரு சொல் சொல்லி, நல்ல பெண்ணின் ஜாதகத்தைத் திருப்பி அனுப்புகின்றனரே! பரிகாரத்திற்குக் கடன் வாங்கிக்கொண்டு தந்தை கோயில் கோயிலாய் அலைகிறான். நெமசிஸ் இல்லை என்றானதும் முல்லர் குழுவினர் இழந்தது ஒரு கருத்தை. இங்கே இழக்கப்படுவது ஒரு பெண்ணின் வாழ்வு.

அடுத்த முறை அந்தக் கணையை எவரேனும் தொடுத்தால், தோழர்களே, "ராகுவைக் காட்டு" என்று கேளாதீர்கள். நெமசிசையும் எவரும் காட்டவில்லை. எந்தச் சோதனை பொய்த்தால், அந்தப் பெண்ணின் ஜாதகத்தில் தோஷமில்லை என்று ஒப்புவாய் என்று கேளுங்கள்.