தகுதிக்கு அளவுகோல் யாது?

பிறவியிலேயே மாறுகண் உடைய ஒரு பெண் குழந்தை. மூன்று முறை அறுவைச் சிகிச்சை செய்தும், பொருள்களின் தூரத்தை அதன் கண்கள் சரிவரக் கணிக்கவில்லை. உதைபந்தாட்டம் ஆகாது என்றனர் மருத்துவர்கள். அக்குழந்தையே, பறந்துவரும் பந்தின் தூரத்தைக் கணிப்பதையே தொழிலாகக் கொண்ட கோல் காப்பாளராக வளர்ந்தது. அவர்தாம் இங்கிலாந்தின் ஹன்னா ஹாம்ப்டன். 2025 ஜூலை 27ஆம் நாள், சுவிற்சர்லாந்தின் பாசல் நகரில் நடந்த ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில், ஸ்பெயின் வீராங்கனையரின் இரு தண்டனை உதைகளைத் தடுத்துத் தம் அணியின் வெற்றிக்கு வழிசெய்தார். அப்போது அவருக்கு வயது 24.

மனவுறுதி இருந்தால் எதையும் வெல்லலாம் என்று இதற்கு நீதி சொல்லி அமைதியடைவோர் பலர். அந்த நீதி எமக்கு உடன்பாடன்று. அவர் நாட்டின் வரலாறே அதனை மறுக்கின்றது. 1920 டிசம்பர் 26இல் லிவர்ப்பூலில் பெண்கள் ஆடிய ஆட்டத்தைக் காண 53,000 பேர் திரண்டனர். ஓராண்டு கழியுமுன்னரே, 1921 டிசம்பர் 5இல், இவ்விளையாட்டு பெண்களுக்குப் பொருந்தாதென்று கூறி, இங்கிலாந்தின் உதைபந்தாட்டச் சங்கம் தன் கழகங்களின் மைதானங்களை அவர்களுக்கு அடைத்தது. ஏறத்தாழ 50 ஆண்டுகள் அத்தடை நீடித்தது. அப்பெண்களுக்கு மனவுறுதி இருந்தது, ஆற்றலும் இருந்தது. மைதானந்தான் இல்லை.

ஹாம்ப்டன் வென்றார்; ஆகவே அவர் ஆடியது சரி என்கிறோம். அவ்விரு உதைகளையும் அவர் தவறவிட்டிருந்தால்? அப்போதும் அவர் ஆடியது நியாயமே. உரிமை என்பது வெற்றிக்குக் கிடைக்கும் பரிசன்று. முயல்வதற்கு முன்னரே மனிதருக்கு உரியது அது. தகுதியை நிரூபித்துவிட்டு வா என்று வாயிலை மூடும் சமுதாயம், தகுதி வளரும் இடத்தையே மூடிவிடுகின்றது.

எமது வகுப்பறைகளிலும் “உனக்கு இது ஆகாது” என்ற சொல் ஒலிக்கின்றது. அதனைச் சொல்லுமுன், பந்தை ஒருமுறையேனும் அக்குழந்தையின் கையில் கொடுத்தோமா என்று எம்மையே நாம் கேட்போமாக.