உழைப்பின் வரலாறும் உண்மையின் கடனும்

அருவியாற்று நீரைத் தேக்கம் அணை வழியாகப் பெற்று மன்னார்ப் பெருநிலப்பரப்பின் வயல்களுக்கு வழங்குவது கட்டுக்கரைக் குளம். அது பண்டைய அரசரின் ஆக்கமாகவே பேசப்படுகின்றது. அதன் கரைக்கு மண் சுமந்தோரின் பெயர்கள் அறியப்படவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மன்னார்க் கரையில் இறங்கி, வறண்ட காட்டுவழியே மாத்தளை நோக்கி நடந்து, கொள்ளைநோயால் இடைவழியில் மாண்ட தென்னிந்தியத் தொழிலாளர் பலரின் நிலையும் அதுவே. இத்தகையோரை வரலாற்றுக்குள் கொணர்தல் அறச்செயல் என்பதில் ஐயமில்லை. ஆயின், அவர் சார்பில் எழுதும் வரலாற்றாசிரியர் அவர்தம் இயக்கத்தின் குறைகளையும் கூறவேண்டுமோ என்பதே ஈண்டு ஆராயத்தக்க வினாவாகும்.

இலங்கைத் தொழிலாளர் இயக்கத்தின் எழுச்சி பற்றிக் குமாரி ஜயவர்த்தன 1972இல் வெளியிட்ட நூல் இவ்வகையில் நோக்கற்பாலது. 1893ஆம் ஆண்டு அச்சகத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தையும், ஏ. ஈ. குணசிங்க தலைமையில் 1923இல் எழுந்த பொது வேலைநிறுத்தத்தையும் அவர் உரிய பெருமையுடன் எடுத்துரைத்தார். பின்னர் பொருளாதார மந்தம் சூழ்ந்தபோது அதே குணசிங்க மலையாளத் தொழிலாளருக்கு எதிரான பரப்புரையில் இறங்கியதையும் அவர் மறைத்தாரல்லர். குணசிங்கவுடன் முன்னர் இணைந்து உழைத்த கோ. நடேசய்யர், பிரிந்து சென்று 1931இல் தோட்டத் தொழிலாளருக்குத் தனிச் சங்கம் அமைத்தார்.

குறைகளை வெளிப்படுத்துவது முதலாளிக்குப் படைக்கலம் கொடுப்பதாகும் என்பர் சிலர். இவ்விவாதம் இலங்கைக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்க நிலக்கரிச் சுரங்கச் சங்கத்தில் கறுப்பினத்தாரும் வெள்ளையரும் இணைந்து நின்றமையை 1968இல் ஹேர்பட் குட்மன் எழுதினார். அச்சங்கத்தின் இனப்பாகுபாட்டை அவர் குறைத்துக் காட்டினார் என 1988இல் ஹேர்பட் ஹில் கடிந்துரைத்தார். அப்பொழுது குட்மன் உயிருடன் இல்லை. எனினும் வாதம் ஓயவில்லை.

மறைத்தலை ஆதரிப்போரின் வாதத்தில் ஒரு வழு உண்டு. வெறுப்புக்கு இலக்கான மலையாளியும் தொழிலாளியே. சங்கத்தில் ஒதுக்கப்பட்ட கறுப்பினத்தவரும் தொழிலாளியே. ஒரு சாராரின் மானங்காக்க மறுசாராரின் துன்பத்தை மறைப்பின், பெயரற்றோரை மீட்கப் புறப்பட்ட வரலாறு புதிதாகச் சிலரைப் பெயரற்றோர் ஆக்கிவிடும். எனவே தொழிலாளர் சார்பு உண்மையுரைக்கும் கடனைத் தளர்த்துவதில்லை, மிகுவிக்கின்றது.

இக்கடன் வெறும் ஏட்டளவினதன்று. 1948ஆம் ஆண்டுச் சட்டம் மலையகத் தொழிலாளரிற் பெரும்பாலோரின் குடியுரிமையைப் பறித்தது. இடதுசாரிகள் பாராளுமன்றத்தில் எதிர்த்தனர். எனினும் சட்டம் நிறைவேறியது. 1964ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின்படி இந்தியாவுக்கு அனுப்பப்பட்டோர் பலர், தம் முன்னோர் வந்திறங்கிய மன்னார்க் கரையை மீண்டும் கண்டு, தலைமன்னாரிற் கப்பலேறினர். அவர்களுக்காகத் தொழிலாளர் அனைவரும் ஒன்றுதிரண்டு எழாமை ஏன் என்று வினவுவோர், முந்திய தலைமுறையில் விதைக்கப்பட்ட பிளவையும் நோக்குதல் வேண்டும். அப்பிளவை ஏடுகள் மறைத்திருப்பின் அவ்வினாவை எழுப்பவும் இயலாது போயிருக்கும்.