திரிகைக் கற்கள்

பிறருக்குப் பயன்படும் பொருளொன்றை உடைமையாகக் கொண்டவர், அதையே அனைவரும் பயன்படுத்த வேண்டுமெனக் கட்டாயப்படுத்தலாமா?

இங்கிலாந்தின் ஹெர்ட்போர்டுசயர் வயல்வெளிகளினூடே வெர் என்னும் சிற்றாறு ஓடுகிறது. அதன் கரையில் இன்றும் நிற்கும் ரெட்போர்ன்பரி நீராலை, ஒருகாலத்தில் புனித அல்பான் மடத்தின் உடைமை. ஆற்றுநீர் சக்கரத்தைச் சுழற்ற, சக்கரம் கல்லைச் சுழற்றும். மாவரைக்கும் கைகளுக்கு ஓய்வு கிட்டும். ஆனால் மடத்தின் ஆலைகளிலேயே அரைத்து, தானியத்தில் ஒரு பங்கைக் கூலியாக அளக்க வேண்டும் என்றனர் துறவியர். வீட்டுத் திரிகை குற்றப்பொருளாயிற்று. 1327 முதல் 1336 வரை மடாதிபதியாயிருந்த வாலிங்போர்டு ரிச்சர்டு, விண்மீன்களின் இயக்கத்தைக் காட்டும் கடிகாரத்தை வகுத்த பேரறிஞர். அவரே நகரத்தாரின் திரிகைகளைப் பறித்து, மடத்து அறையொன்றின் தளத்தில் பதித்தார்.

1381-ஆம் ஆண்டு உழவர் கிளர்ச்சியில் மக்கள் அத்தளத்தைப் பெயர்த்தனர். ஞாயிறு தோறும் கோவிலில் பகிரப்படும் மந்திரித்த அப்பம் போல் அக்கல்துண்டுகளைப் பங்கிட்டனர் என, அம்மடத்துத் துறவி வால்சிங்ஹாமே வெறுப்போடு பதிவு செய்துள்ளார்.

அணை கட்டவும் ஆலை பேணவும் செலவுண்டு. கூலி கேட்பது அநீதியன்று. மாற்று வழியை அடைப்பதே அநீதி. திரிகைக் கல்லை அடகாகவும் வாங்கலாகாது, அது ஒருவரின் உயிரையே வாங்குவதாகும் என்கிறது இணைச்சட்ட நூல். அந்நூலை ஓதியவர்களே அக்கல்லின்மேல் நடந்தார்கள்.

வராதிருக்கவும் உரிமையுள்ளவன் விரும்பி வரும்போதுதான், நாம் செய்வது தொண்டு. மற்றதெல்லாம் ஆதிக்கம், அதன் முகப்பில் புனிதரின் பெயர் பொறித்திருந்தாலும்கூட.