ஆமெஸ் எழுதிவைத்த கணக்கு

ஒரு தொகையோடு அதன் ஏழில் ஒரு பங்கைக் கூட்டினால் 19 வருமாயின் அத்தொகை யாது என்னும் வினா, ஏறத்தாழ 3,500 ஆண்டுகளுக்கு முன் எகிப்து தேசத்தில் ஆமெஸ் என்னும் எழுத்தர் பிரதி செய்துவைத்த பாப்பிரஸ் சுருளில் காணப்படுகிறது. விடையை 7 என்று முதலில் பாவித்துக்கொண்டு, அது 8 மாத்திரமே தருவதைக் கண்டு, 8-ஐ 19 ஆக்கும் அதே விகிதத்தால் 7-ஐயும் பெருக்குவது அங்கே கையாளப்பட்ட உபாயம். இன்றைய மாணவனோ இருபுறத்தையும் 7-ஆல் பெருக்கி, தொகையின் எட்டு மடங்கு 133 என்று காண்கிறான். இருபுறமும் ஒரே செயலைச் செய்தால் சமத்துவம் குலையாது என்ற இந்தத் தத்துவத்தை விளக்காமல், ‘அந்தப் பக்கம் போனால் குறி மாறும்’ என்று மனனம் செய்விப்பது பிள்ளைகளுக்கு இழைக்கும் அநீதி என்றே கருதுகிறேன். ஆமெஸின் சுருளோ, 16-உம் எட்டில் ஐந்து பங்குமான விடையோடு நில்லாமல், அதன் ஏழில் ஒரு பங்கை மறுபடி கூட்டி, 19 வருவதையும் சோதித்துக் காட்டுகிறது.