ஆட்டத்துப் பொன்

சென்ற கார்த்திகைத் திங்களில் ஒருநாள் எம் பேரன், பதின்மூன்றாண்டு நிரம்பியவன், முகம் வாடி எம்பால் வந்து, "தாத்தா! இல்லாத பொன்னை எடுத்தல் களவாகுமா?" என்று வினவினான். இலக்கணத்தில் ஐயம் நிகழின் நூற்பாவைக் கூறி விடுக்கும் பழக்கமுடைய யாம் இவ்வினாவிற்கு விடை காணமாட்டாது சிறிது நேரம் வாளாவிருந்தேம். எடுத்தது உண்டாயின் அஃது இல்லாதது அன்று. இல்லாததாயின் எடுத்தல் என்பதே நிகழ்ந்திலது. இங்ஙனம் தருக்கம் பேசி அவனை அனுப்பிவிடுதல் எளிது. ஆயினும் அவன் கண்களில் நீர் ததும்பியிருந்தமையின் அவ்வாறு செய்ய மனம் எழவில்லை.

நிகழ்ந்தது இது. அவன் தன் தந்தையின் கைப்பேசியில் ஓர் ஆட்டம் ஆடுபவன். ஊர் அமைத்து, வயல் விளைத்து, மதில் எடுத்து, அயலூராரொடு பொருதலே அவ்வாட்டம். அதன்கண் எதனைச் செய்தற்கும் பொற்காசு வேண்டும். காசு ஈட்டுதற்கு நாள் பல வேண்டும். பொறுத்திருக்கமாட்டாதார்க்கு அவ்வாட்டத்தை இயற்றினோரே மெய்ப்பணம் பெற்றுக்கொண்டு ஆட்டக்காசு விற்பர். உடன்பயிலும் தோழன் ஒருவன், இணையத்தில் இன்னவிடத்தில் ஆட்டத்துப் பெயரையும் மறைச்சொல்லையும் எழுதினால் எல்லையில்லாத காசு வந்து நிறையும் என்று கூற, இவனும் எழுதினான். காசு வந்திலது. மறுநாட் காலையில் ஆட்டத்தினுள்ளே புகவும் இயலவில்லை. இரண்டாண்டு பாடுபட்டுக் கட்டிய ஊர் முகமறியாத எவனோ ஒருவன் கைப்பட்டது. "களவு செய்யப் போய்க் களவு கொடுத்து வந்தாய்" என்று அவன் தந்தை சினந்துரைக்க, அச்சொல் தைத்தமையால் எம்மிடம் வந்தனன்.

வீடியோ கேம் என வழங்கும் இத்திரையாட்டங்கள் இவ்விதழைப் படிக்கும் அன்பர் பலர்க்குப் பழக்கமில்லாதன. எமக்கும் அங்ஙனமே. முன்னாளில் எம்மிடம் தமிழ் பயின்று இந்நாளிற் கணிப்பொறித் துறையிற் பணிபுரியும் மாணாக்கர் ஒருவரைக் கொண்டு சில உண்மைகளைக் கேட்டறிந்தேம். ஆட்டக்காசு என்பது பொன்னுமன்று, தாளுமன்று, ஓர் எண். அவ்வெண் எவ்விடத்தில் எழுதி வைக்கப்பட்டுள்ளது என்பதே முதற்கண் அறியற்பாலது. ஒருவன் தனித்து ஆடும் ஆட்டமாயின் பெரும்பாலும் அவன் பொறியினுள்ளேயே அவ்வெண் இருக்கும். அதனை மாற்றுதல் தன் வீட்டுச் சுவடியில் தானே திருத்தம் எழுதுதல் போல்வது. பலர் கூடி ஆடுவதாயின் எண் ஆட்டத்தை நடத்துவோரது பொறியில் இருக்கும். ஆடுவான் கையிலுள்ள கருவி அதனைக் காட்டும் கண்ணாடி மாத்திரையே. இவ்வேறுபாட்டை மறவாது கொள்க.

தனித்தாடும் ஆட்டத்திற்கு ஒன்று காட்டுதும். 2000ஆம் ஆண்டில் அமெரிக்க நாட்டில் மேக்சிஸ் நிறுவனத்தாரால் வெளியிடப்பட்ட 'தி சிம்ஸ்' என்பது மனைவாழ்க்கையைப் பொருளாகக் கொண்ட ஆட்டம். ஆடுவான் ஒரு குடும்பத்தை அமைத்து, இருபதினாயிரம் சிமோலியன் என்னும் ஆட்டக்காசுடன் வீடு கட்டி, அக்குடும்பத்தாரைத் தொழிலுக்கு அனுப்பி, உணவும் உறக்கமும் நட்பும் குறையாமற் காத்தல் வேண்டும். இதன்கண் ஒரு மறைவழியை இயற்றினோரே வைத்திருந்தனர். விசைப்பலகையில் மூன்று விசைகளை ஒருங்கழுத்தித் திறக்கும் சிறு கட்டத்தில் 'கிளபாசியஸ்' என்று எழுதின் ஆயிரம் காசு வந்து சேரும். இது போலந்து நாட்டெழுத்தாளர் ஸ்தானிஸ்லாவ் லெம் புனைந்த கதைத்தொகுதியில் வரும் இயந்திர மாந்தன் ஒருவன் பெயர். பின்னர் வந்த திருத்தப் பதிப்பில் அச்சொல்லை நீக்கி 'ரோஸ்பட்' என்னும் சொல்லை வைத்தனர். அதனோடு சில குறிகளை அடுக்கி எழுதினால் ஆயிரம் ஆயிரமாகக் காசு பெருகிக்கொண்டேயிருக்கும். 2004ஆம் ஆண்டில் வந்த இரண்டாம் ஆட்டத்தில் 'மதர்லோடு' என்று ஒருமுறை எழுதினால் ஐம்பதினாயிரம்.

ரோஸ்பட் என்னும் அச்சொல்லைக் கேட்டு யாம் வியந்தேம். 1941ஆம் ஆண்டில் ஆர்சன் வெல்ஸ் என்பார் இயற்றிய 'சிட்டிசன் கேன்' என்னும் படத்தில், அளவிறந்த செல்வமுடையான் ஒருவன் தன் மாளிகையிற் றனித்து இறக்குங்கால் கூறும் ஈற்றுச்சொல் அது. அதன் பொருள் யாதெனத் தேடி எவரும் கண்டிலர். அவன் வறிய சிறுவனாயிருந்த நாளிற் பனியில் வழுக்கி விளையாடிய மரப்பலகையின்மேல் எழுதியிருந்த பெயரே அது என்பதைப் படங்காண்போர் மாத்திரம் இறுதியில் அறிவர். அப்பலகையோ பழம்பொருள்களொடு நெருப்பில் இடப்பட்டு எரிகின்றது. எல்லையற்ற பொருளுக்குத் திறவுகோலாக இச்சொல்லை வைத்தவர் விளையாட்டாக வைத்தனரோ கருதியே வைத்தனரோ, அறியேம்.

இனி வினாவிற்கு வருவோம். தன் பொறியில், தன் ஆட்டத்தில், இயற்றினோரே காட்டிய வழியில் ஒருவன் காசு பெருக்கிக்கொள்கின்றான். பிறர் எவர்க்கும் ஊறு இல்லை. ஆகவே குற்றமும் இல்லை எனின், களவு என்னும் குற்றம் இல்லை என்று யாமும் உடன்படுவேம். அயல்நாட்டு அறமன்றத்திலும் இஃதொப்பதொரு வழக்கு வந்ததுண்டு. நின்டெண்டோ நிறுவனத்தாரின் ஆட்டங்களில் உயிர்களின் எண்ணிக்கை முதலியவற்றை மாற்றித் தரும் 'கேம் ஜீனி' என்னும் கருவியை கலூப் என்னும் விளையாட்டுப்பொருள் நிறுவனத்தார் விற்கப்புக, நின்டெண்டோ நிறுவனத்தார் அது தம் நூலுரிமைக்குக் கேடு என வழக்குரைத்தனர். 1992ஆம் ஆண்டில் அமெரிக்க மேல்முறையீட்டு மன்றம் அதனை ஏற்றிலது. சட்டம் அவ்வளவில் நின்றது. நிற்க.

பிறர்க்கு ஊறில்லை என்பது கொண்டு இழப்பே இல்லை என்று கொள்ளலாமா? எம் இளமையில் நிகழ்ந்ததொன்றை ஈண்டுக் கூறுதல் மிகையாகாது என்று கருதுகின்றேம். மடத்துப் பாடசாலைக்குச் செல்லுமுன், ஏழெட்டு வயதில், எம் பாட்டியாருடன் மாலைதோறும் பல்லாங்குழி ஆடுவது வழக்கம். குழி பதினான்கு, குழிக்கு ஐந்தாகப் புளியங்கொட்டை எழுபது. நாளும் தோற்றமையால் நாணி, ஒருநாள் இடுப்பில் ஒரு பிடி கொட்டையை மறைத்துவைத்து, அவர் விளக்கேற்ற எழுந்தபோது எம் குழிகளில் இட்டேம். அவர் மீண்டு வந்து ஒரு சுற்று ஆடியவுடனே கண்டுகொண்டனர். எழுபது என்னும் கணக்கு அவர் விரலில் இருந்தது. ஒன்றும் சொல்லாமல் உள்ளே சென்று, குழம்புக்கு எடுத்து எஞ்சிய கொட்டையெல்லாம் கட்டி வைத்திருந்த துணிமூட்டையைக் கொணர்ந்து எம்முன் அவிழ்த்து, "எல்லாம் உனக்கே, ஆடு, ராசா" என்றனர். அம்மூட்டையில் ஆயிரத்துக்குக் குறையாது. யாம் குழிகளை நிரப்பினேம், வழிந்தது. எடுத்து விதைத்தேம், எங்கும் கொட்டை. நான்கு சேர்ந்தவுடன் 'பசு' என்று அள்ளிக்கொள்ளும் மகிழ்ச்சி ஒருமுறையேனும் வந்திலது. நான்கு என்பதே எக்குழியினும் இல்லை. சிறிது நேரத்தில் அழுகை வந்தது. யாரும் அடித்திலர், யாதும் பறித்திலர். எம்மிடம் இருந்தது மிகுந்ததன்றிக் குறைந்ததன்று. என் செய்வது! ஆட்டமே போயிற்று.

சிம்ஸ் ஆட்டத்தில் அச்சொல்லை எழுதிய இளைஞர் சிலரை வினவியபோது, பெரிய வீடு கட்டுந்துணையும் மகிழ்ந்ததாகவும், கட்டி முடிந்தபின் அக்குடும்பத்தாரை வேலைக்கு அனுப்ப மனமில்லாமல் விட்டுவிட்டதாகவுமே கூறினர். வீடு கட்டுதல் ஒன்றே வேண்டுவார்க்கு அவ்வழி நலமே. அதனை யாம் மறுக்கவில்லை. வேலையும் ஊதியமும் குறையும் நிறையும் ஆட்டமெனக் கொண்டவனுக்கோ, ஈட்டுதற்கு உரிய அருமையைத்தான் அச்சொல் எடுத்துக்கொண்டது. காசின் அளவே காசின் பொருள். அளவு கெட்டபோது எஞ்சுவது எண்.

பலர் கூடி ஆடுமிடத்தில் இச்செய்தி வேறு முகங்கொள்ளும். அங்கே முதலில் எழும் மறுப்பு, 'பொய்ப்பொன்னை எடுப்பதிற் களவு ஏது' என்பதே. அஃது ஒவ்வாது. 1999ஆம் ஆண்டில் வெளிவந்த 'எவர்குவெஸ்ட்' என்னும் ஆட்டத்தில் நோரத் என ஒரு புனைவுலகம் உண்டு. எட்வர்டு காஸ்ட்ரோனோவா என்னும் அமெரிக்கப் பொருளியலறிஞர் 2001ஆம் ஆண்டில் அவ்வுலகின் பொருளியலை ஆராய்ந்து ஒரு கட்டுரை வெளியிட்டனர். ஆடுவோர் அவ்வாட்டக்காசைத் தமக்குள் மெய்ப்பணத்திற்கு விற்றுவந்தமையின், அதன் விலைகொண்டு கணக்கிட்டு, அப்பொய்யுலகில் ஒருவன் ஒரு மணிநேரம் உழைப்பின் ஏறத்தாழ மூன்றரை டாலர் ஈட்டுகின்றான் என்றும், தலைக்கு வரும் ஆக்கத்தில் அவ்வுலகம் உருசியாவுக்கும் பல்கேரியாவுக்கும் இடையில் நிற்கின்றது என்றும் காட்டினர். பொன் பொய்யாயினும் அதன்பொருட்டுச் செலவான நாழிகை மெய்யன்றோ? ஒருவன் வாழ்நாளில் கழிந்த பொழுதே அங்குக் காசாய் நிற்கின்றது.

இதனினும் தெளிவாக ஒரு நிகழ்ச்சி 2013ஆம் ஆண்டு மே திங்களில் நிகழ்ந்தது. பிளிசார்டு நிறுவனத்தாரின் 'டயாப்லோ 3' என்னும் ஆட்டத்தில், ஆடுவோர் தம் பொன்னை மெய்ப்பணத்திற்கு விற்கத்தக்க ஏலக்களம் ஒன்று அந்நாளில் இருந்தது. அத்திங்களில் வந்த திருத்தத்தால், ஒருமுறை விற்கும் பொன்தொகுதியின் அளவு பத்து இலட்சத்தினின்று ஒரு கோடியாக உயர்த்தப்பட்டது. பொறியில் எண்ணை எழுதுதற்கு ஒதுக்கிய இடம் அளவுடையது. முப்பத்திரண்டு இடங்களில் எழுதும் வழக்கமான முறையில் 214,74,83,647 என்பதற்கு மேற்பட்ட எண் அடங்காது, குறையெண்ணாய்த் திரியும். இத்தகைய திரிபினால், பெருந்தொகை விற்பனைக்கு வைத்து அதனைத் தாமே நீக்கியவர்க்கு, வைத்தபோது கழிந்ததைக் காட்டிலும் மிகுதியான பொன் திரும்பி வந்தது. வைத்தல், நீக்கல், வைத்தல், நீக்கல். சில நாழிகையில் கோடிகோடியாகப் பெருகியது. நிறுவனத்தார் ஏலக்களத்தை மூடி ஆராய்ந்து, இதனைத் தீய நோக்குடன் செய்தவர் 415 பேர் எனக் கண்டு, அவர்தம் விற்பனையால் வந்த பணத்தைக் குழந்தைகள் மருத்துவமனைகளுக்குப் பொருள் திரட்டும் அறநிலையத்திற்கு அளிப்பதாக அறிவித்தனர். 2014 மார்ச்சுத் திங்களில் அவ்வேலக்களமே நிலையாக மூடப்பட்டது.

காரணமின்றிக் காரியம் தோன்றாது என்பது நம் சித்தாந்த நூல்களின் துணிபு. அங்ஙனமாயின் இப்பொன் எதனினின்று தோன்றியது? பொறியின் பிழையினின்று என்பர். பிழை எண்ணைத் தந்தது; அவ்வெண்ணிற்கு விலையைத் தந்தது யாது? அன்று வரை நூறு பொன் சேர்க்க ஒருவன் இராமுழுதும் விழித்திருந்தான். மறுநாள் பொன் மலிந்தமையின் அவன் நூறு பத்தின் மதிப்பும் பெறாது. அவன் பெட்டியைத் திறந்தார் இல்லை. ஒரு காசும் குறைந்திலது. ஆயினும் அவன் உழைப்பிற் பெரும்பகுதி போயிற்று. போன அதுவே 415 பேர் கையில் புதுப்பொன்னாய்த் தோன்றிற்று. இல்லாததனை எடுத்தார் அல்லர் அவர். எல்லார் கையிலும் இருந்ததனைச் சிறிது சிறிதாக எடுத்தனர். இழந்தவன் இன்னான் என்று சுட்டமுடியாமையால் அது களவன்றெனப்படுமாயின், பொதுக்குளத்து நீரை இறைத்துத் தன் வயலுக்குப் பாய்ச்சினவனும் களவன் அல்லன்.

எம் பேரன் வீழ்ந்த வலை வேறுவகை. பலர் கூடி ஆடும் ஆட்டத்தின் எண் நடத்துவோர் பொறியில் இருத்தலின், புறத்தே நிற்பவன் ஒருவன் அதனைப் பெருக்கித் தருவேன் என்பது கண்ணாடியைத் துடைத்து முகத்தை அழகாக்குவேன் என்பதனோடொக்கும். அத்தகைய இடங்கள் வேண்டுவது ஆடுவானது மறைச்சொல்லை; சில, வினாக்களுக்கு விடை எழுதச்செய்து அதனாற் பயன் கொள்வன; சில, கைப்பேசியில் தீய நிரலைப் புகுத்துவன. காசு என்றும் வாராது. மீனுக்கு இரை காட்டுவோன் இரையை இழக்கக் கருதுவதில்லை.

இவ்விடத்து ஆட்டம் இயற்றினோரையும் ஒன்று கேட்க வேண்டியுளது. சிறுவன் எல்லையற்ற காசை விரும்பியது குற்றமாயின், அவ்விருப்பத்தை நாடோறும் எழுப்பி, வேண்டுமென்றே காத்திருத்தலை நீட்டி, பணம் தந்தால் இப்பொழுதே என்று காட்டுவோர் செய்வது யாது? பெல்ஜிய நாட்டுச் சூதாட்ட ஆணையம் 2018ஆம் ஆண்டில், பணங்கொடுத்து உள்ளிருப்பது அறியாமல் வாங்கும் ஆட்டப்பெட்டிகளுட் சிலவற்றைச் சூதென்றே தீர்த்தது. அவ்வளவு கடுமை எல்லாவற்றிற்கும் பொருந்துமோ என்பதில் எமக்குத் துணிவு பிறந்திலது. நேர்மையாக விலைகூறி விற்கும் காசினை வாங்குதல் களவன்று. ஆயினும் பணமுடையான் மகன் ஒரு நொடியில் எடுக்கும் மதிலை எம் பேரன் இரு திங்கள் எடுத்தான் என்பதையும், அவ்வேற்றத்தாழ்வே தோழன் சொல்லை நம்பச்செய்தது என்பதையும் மறைக்க இயலவில்லை. இயற்றினோரும் உண்ணல் வேண்டும் என்பர். மெய்யே, மேலும் ஆராய்தற்குரியது.

பேரனுக்கு அன்றிரவு கூறியது இவ்வளவே: "அப்பா, நீ பொன் எடுத்தாயல்லை, எடுக்க எண்ணினாய். உள்ளத்தளவில் நிகழ்வதும் வினையே என்பது சான்றோர் கொள்கை. ஆயினும் உன் ஊரைக் கவர்ந்தவன் வினை வேறு. அதனை உன் தலையில் ஏற்றிக்கொள்ளாதே." அவன் சிறிது நேரம் இருந்து, "காசு வந்திருந்தால் என்னோடு ஆடுகின்றவர்களுக்குத் தெரியாதே, தாத்தா" என்றான். பல்லாங்குழிச் செய்தியை அதன்பின்னரே கூறினேம். "அந்தக் கொட்டையை எல்லாம் என்ன செய்தீர்கள்?" என்று கேட்டான். பாட்டியார் மறுநாள் எழுபது எண்ணி எடுத்துவைத்து மூட்டையைக் கட்டி உள்ளே வைத்தனர் என்றேம்.

நிறுவனத்தார்க்கு அவன் தந்தை எழுதிய முறையீட்டிற்கு இன்னும் விடை வந்திலது. பையன் வேறொரு பெயரில் முதலிலிருந்து தொடங்கியுள்ளான். நேற்று மாலை கைப்பேசியை எம்மிடம் நீட்டிக் காட்டினன். ஒரு குடிசை, இரண்டு வயல், நாற்பத்தொரு காசு.