காயம்படாத முகம்

ஒரு சிலையின் மேல் கல்லெறிந்தால் அடிபடுவது யார்? கேள்வி அசட்டுத்தனமாகப் படலாம். கல்லை அடித்தால் கல் உடையும், வெண்கலத்தை இழுத்துப் போட்டால் வெண்கலம் நசுங்கும், அவ்வளவுதானே என்று பகுத்தறிவுள்ள யாரும் சொல்லிவிடுவார். அப்படிச் சொல்பவரே, தம் தகப்பனாரின் புகைப்படத்தை இன்னொருவன் காலால் மிதித்தால் சும்மா நின்று பார்த்துக்கொண்டிருக்க மாட்டார். பிம்பம் வேறு, ஆள் வேறு என்பது நாம் படித்துத் தெரிந்துகொண்ட விஷயம். நம் கையும் ரத்தமும் அதை இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. நான் இதை நம் நாட்டு உதாரணங்களைக் கொண்டு பேசப்போவதில்லை. அவற்றில் எனக்கும் கட்சி உண்டு, வாசகருக்கும் உண்டு. கட்சி இருக்குமிடத்தில் கேள்வி நகராது. பதினாறு நூற்றாண்டுகளுக்கு முன் கீழை ரோமானிய நகரங்களில் நடந்த இரண்டு சம்பவங்களைக் கொண்டு யோசிக்க விரும்புகிறேன்.

அந்த நகரங்களின் சதுக்கத்தை இன்றைய பூங்காச் சிலைகளின் நினைவோடு கற்பனை செய்துகொண்டால் தவறிவிடுவோம். இன்று சிலை பெரும்பாலும் இறந்தவருக்கு. ஆண்டுக்கொரு நாள் மாலை விழும், மற்ற நாட்களில் காக்கை எச்சமிடும், யாருடைய சிலை என்பதைப் பேருந்துக்குக் காத்திருப்பவன்கூடப் படித்திருக்க மாட்டான். நான்காம் நூற்றாண்டுச் சதுக்கத்தின் நடுநாயகம் உயிரோடு இருக்கும் சக்கரவர்த்தி. புதியவர் பட்டமேற்றதும் அவருடைய உருவம் மாகாண நகரங்களுக்கு அனுப்பப்படும். ஜனங்கள் விளக்கும் தூபமும் ஏந்தி எதிர்கொண்டு அழைத்து வருவார்கள். நீதிபதி அந்த உருவத்தின் முன்னிலையில்தான் தீர்ப்புச் சொல்வார். கபாலா நகரத்து பிஷப் செவரியன் இதற்கு ஒரு நியாயம் சொல்கிறார்: சக்கரவர்த்தி எல்லா இடத்திலும் இருக்க முடியாது, ஆகவே நீதிமன்றத்திலும் சந்தையிலும் நாடகசாலையிலும் அவர் பிம்பம் இருந்தாக வேண்டும். சிலை என்பது நினைவுச்சின்னம் அல்ல. அது ஒரு ஆஜர்.

இதைச் சட்டமாகவே பார்க்கலாம். 386 ஜூலையில் தியோடோசியஸின் ஆட்சி ஓர் ஆணை பிறப்பித்தது. பயத்தினால் சக்கரவர்த்தியின் சிலையடியில் வந்து தஞ்சம் புகுந்தவனைப் பத்து நாள் கழியுமுன் யாரும் இழுத்துப் போகக் கூடாது. அவனாக எழுந்து போகவும் கூடாது. அவன் பக்கம் நியாயம் இருந்தால் சட்டம் காக்கும். எதிராளியின் மேல் பழி கிளப்பவே வந்தான் என்றால் தண்டனை. இந்த ஆணையை முதலில் படித்தபோது எனக்கு அந்தப் பத்து நாள்தான் மனதில் நின்றது. கடன்காரனுக்குப் பயந்தோ அதிகாரிக்குப் பயந்தோ ஓடி வந்த ஒருவன் பத்துப் பகலும் பத்து இரவும் ஒரு வெண்கலக் காலைப் பிடித்துக்கொண்டு கிடக்கிறான். சாப்பாட்டுக்கு என்ன செய்தான் என்று சட்டம் சொல்லவில்லை. ஆனால் சிலைக்கு அடைக்கலம் கொடுக்கும் சக்தி உண்டு என்று அது ஒப்புக்கொண்டுவிட்டது. அடைக்கலம் கொடுக்க முடிந்த ஒன்றைக் காயப்படுத்தவும் முடியும்தானே.

எட்டு மாதமளவில் அந்தியோக்கில் அது நடந்தது. 387ஆம் ஆண்டின் தொடக்கத்தில் புதிய வரி ஆணை ஊரில் வாசிக்கப்பட்டது. முதலில் நகர சபையின் பெரிய மனிதர்கள் அழுதார்கள், கெஞ்சினார்கள். பின்பு கூட்டம் சேர்ந்தது. பொதுக் குளியலகத்தில் விளக்குகள் தொங்கிய கயிறுகளை அறுத்தார்கள். பலகையில் தீட்டியிருந்த அரச குடும்பத்துப் படங்களின் மேல் கல் விழுந்தது. படம் பிளந்தபோது சிரித்தார்களாம். அடுத்து வெண்கலம். தியோடோசியஸ், அவருடைய தகப்பனார், அதற்கு முந்திய ஆண்டுதான் இறந்துபோன மனைவி ஃப்ளாக்கில்லா, பிள்ளைகள் அர்க்காடியஸ், ஹொனோரியஸ் எல்லோரையும் கயிறு கட்டிக் கவிழ்த்துத் தெருவில் இழுத்துப் போனார்கள். வில்லாளிகள் வந்தார்கள், கூட்டம் கலைந்தது. சில மணி நேர விவகாரம்.

பிறகு வந்தது பயம். பிடிபட்டவர்களை, சிறுவர்கள் உட்பட, முதல் நாட்களிலேயே எரித்தும் வெட்டியும் மிருகங்களுக்குப் போட்டும் கொன்றார்கள். ஊரே காலியாகத் தொடங்கியது. தலைநகரிலிருந்து ஹெல்லெபிக்கஸ், சீசாரியஸ் என்று இரண்டு அதிகாரிகள் விசாரணைக்கு வந்தார்கள். குளியலகம், நாடகசாலை, குதிரைப் பந்தய மைதானம் மூன்றும் மூடப்பட்டன. பெருநகரம் என்ற அந்தஸ்து பறிபோயிற்று. நகர சபையார் சிறையில். இந்த நாட்களைப் பற்றி நமக்கு அபூர்வமாக இரண்டு பெரிய பேச்சாளர்களின் சாட்சியம் இருக்கிறது: பழைய தெய்வங்களை விடாத லிபானியஸ், அவரிடம் படித்ததாகச் சொல்லப்படும் கிறிஸ்தவப் பாதிரி ஜான் கிறிஸோஸ்தம். கிறிஸோஸ்தம் அந்த நோன்புக் காலத்தில் செய்த பிரசங்கங்கள் ‘சிலைகளைக் குறித்து’ என்ற பெயரில் இருபத்தொன்று என்று எண்ணப்படுகின்றன. மதத்தில் எதிரெதிரான இருவரும் ஒரு விஷயத்தில் ஒன்றுபடுகிறார்கள்: இதைச் செய்தது நம் ஊர்க்காரர்கள் அல்ல, வெளியாட்கள். எந்த ஊரில்தான் இந்த வெளியாட்கள் இல்லை?

என்னை இந்தச் சம்பவத்தோடு கட்டிப்போட்டது மக்கெடோனியஸ் என்ற துறவி. மலைக்குகைகளிலிருந்து துறவிகள் இறங்கி வந்து விசாரணை அதிகாரிகளின் குதிரைகளை வழிமறித்தார்கள். அவர்களில் ஒருவர் இவர். வாற்கோதுமை தின்னி என்று பட்டப்பெயர். படிப்பு இல்லை, கிரேக்கம் தெரியாது. சிரியாக் மொழியில் பேசினார். ஒருவர் கிரேக்கத்தில் சொன்னார். தியோடொரெட் தரும் சாரம் இது: சக்கரவர்த்தியிடம் போய்ச் சொல்லுங்கள், அவரும் மனிதர்தான். தம் பிம்பத்தை உடைத்ததற்காகக் கடவுளின் பிம்பங்களை உடைக்கப் பார்க்கிறார். வெண்கலத்தை எங்களால் மறுபடியும் வார்த்து நிறுத்திவிட முடியும். கொன்றவர்களுடைய தலைமயிரில் ஒன்றை அவரால் உண்டாக்க முடியுமா?

இந்த வாதத்தை இரண்டாகப் பிரித்துப் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. முதல் பாதி எனக்குத் திருப்தியில்லை. மனிதனைக் கொல்லக் கூடாது, ஏனென்றால் அவனும் ஒரு பிம்பம் என்கிறது அது. அரசனின் பிம்பத்தைவிட உயர்ந்த ஒருவரின் பிம்பம், அவ்வளவுதான் வித்தியாசம். சதுக்கத்தின் தர்க்கத்திலிருந்து அது ஓர் அடிகூட வெளியே வரவில்லை. மனிதனுக்கு மதிப்பு அவன் இன்னொன்றைப் போலிருப்பதால் என்றால், அப்படித் தெரியாதவனை என்ன செய்வது? ஆனால் அந்த மயிர் இருக்கிறதே, அது வேறு சங்கதி. மயிர் யாருக்கும் பிம்பமில்லை. அதில் ஜாடை கிடையாது, கௌரவம் கிடையாது, அதை வைத்து யாரையும் அடையாளம் காண முடியாது. வாதம் தன் மதத்தையே மறந்து சட்டென்று உடம்புக்குள் இறங்கிவிட்ட இடம் அது. படிப்பில்லாதவர் என்று ஏடுகள் அடிக்கடி சொல்கின்றன. அதனால்தான் அவருக்கு அந்த இடம் கிடைத்ததோ என்னவோ, லிபானியஸுக்குக் கிடைக்கவில்லை.

இன்னொரு வாதமும் உண்டு. வயோதிக பிஷப் ஃப்ளேவியன், சாகக் கிடந்த சகோதரியை விட்டுவிட்டு, குளிர்காலத்தில் கான்ஸ்டான்டிநோபிளுக்குப் போனார். அவர் சக்கரவர்த்தியிடம் பேசியதாகக் கிறிஸோஸ்தம் நமக்குத் தருவது மிக நாசூக்கான பேச்சு. அதில் ஒரு கதை: முன்பு கான்ஸ்டன்டைனின் சிலையைக் கல்லால் அடித்து முகத்தைச் சிதைத்துவிட்டார்களாம். தண்டிக்கச் சொல்லிச் சுற்றியிருந்தவர்கள் தூண்டியபோது அவர் தம் முகத்தைக் கையால் தடவிப் பார்த்து, எங்கும் காயத்தைக் காணோமே என்று சிரித்தாராம். தொடர்ந்து பிஷப் சொல்கிறார்: மன்னித்துவிடுங்கள், கவிழ்ந்த வெண்கலத்துக்குப் பதிலாக உலகத்தில் எத்தனை மனிதர்கள் உண்டோ அத்தனை சிலைகள் அவர்கள் நெஞ்சில் உங்களுக்கு எழும்.

தியோடோசியஸ் மன்னித்தார். ஈஸ்டருக்கு முன் செய்தி வந்து சேர்ந்தது. ஊரில் தோரணமும் விளக்கும். மூடியவை திறந்தன. லிபானியஸ் சக்கரவர்த்திக்கும் இரண்டு அதிகாரிகளுக்கும் புகழுரை எழுதினார். மன்னிப்புக்கு முன்பே எரிந்துபோன சிறுவர்களில் ஒருவன் பெயர்கூட நமக்கு வந்து சேரவில்லை.

எந்த வாதம் ஜெயித்தது? மயிரா, நெஞ்சில் சிலையா? மூன்று வருஷத்தில் பதில் கிடைத்துவிட்டது என்பது என் கட்சி. 390இல் தெசலோனிகாவில் புத்தெரிக் என்ற சேனாதிபதி, ஜனங்களின் செல்லப் பிள்ளையான ஒரு தேரோட்டியைச் சிறையில் அடைத்தான். பந்தய நாள் வந்தது. தேரோட்டியை விடச் சொல்லிக் கேட்ட கூட்டம் புத்தெரிக்கைக் கொன்றது. தியோடோசியஸ் அப்போது இத்தாலியில் இருந்தார். ஆணை போயிற்று. மனம் மாறி அவர் அனுப்பிய இரண்டாவது ஆணை தாமதமாகப் போயிற்று என்றும் சொல்கிறார்கள். பந்தயம் என்று சொல்லி மைதானத்தில் ஜனங்களைக் கூட்டி வைத்து வெட்டியதாக ரூஃபினஸ் எழுதுகிறார். தியோடொரெட் சொல்லும் கணக்கு 7,000.

ஸோஸொமென் இதில் ஒரு வியாபாரியைப் பற்றிச் சொல்கிறார். அவருடைய இரண்டு பிள்ளைகளும் பிடிபட்டுவிட்டார்கள். தமக்குள்ள பொன்னையெல்லாம் தருகிறேன், என்னைக் கொன்றுவிட்டு அவர்களை விடுங்கள் என்று தகப்பனார் கெஞ்சினார். சிப்பாய்களுக்கும் இரக்கம் வந்தது. ஆனால் இவ்வளவு தலை என்று உத்தரவு. இருவரையும் விட்டால் எண்ணிக்கை குறையும். ஒருவனை விடுகிறோம், எவன் என்று சொல் என்றார்கள். தகப்பனார் ஒருவனைப் பார்த்தார், மற்றவனைப் பார்த்தார். சொல்ல முடியவில்லை. பார்த்துக்கொண்டே நிற்கையில் இருவரும் கொல்லப்பட்டார்கள். கூட்டுத்தொகை டாலி ஆகாமல் வீட்டுக்குப் போகக் கூடாது என்ற தொழிலில் இருப்பவன் நான். அந்தச் சிப்பாய்களை என்னால் வெறும் கொலைகாரர்கள் என்று சொல்லி ஒதுக்கிவிட முடியவில்லை.

அந்தியோக்கில் இரங்கியவர் இங்கே ஏன் இரங்கவில்லை? கொல்லப்பட்டவன் அதிகாரி, சிலை அல்ல என்று விடை சொல்லலாம், நியாயமான விடைதான். எனக்கு வேறொன்றும் தோன்றுகிறது. அந்தியோக்கில் அவமானப்பட்டது அவருடைய முகம். தன் முகத்துக்கு நேர்ந்ததை மன்னிப்பவன், தடவிப் பார்த்துச் சிரிப்பவன், அந்தச் சிரிப்பிலேயே இன்னொரு சிலையை, உடைக்க முடியாத சிலையை, நிறுத்திக்கொள்கிறான். ஃப்ளேவியன் விற்றது அதைத்தான். நல்ல காரியத்துக்காக விற்றார், நான் குறை சொல்லவில்லை. தெசலோனிகாவில் அவருக்கு மன்னித்துப் பெற ஒரு பிம்பம் இருக்கவில்லை. பிறகு மிலான் நகரத்து பிஷப் ஆம்புரோஸ் கடிதம் எழுதினார். சக்கரவர்த்தி எல்லோரும் காணப் பச்சாத்தாபம் செய்தார். ஓவியர்கள் அதைப் பின்னால் எத்தனையோ முறை வரைந்துவிட்டார்கள். அந்தத் தகப்பனாரை யாரும் வரைந்து நான் பார்த்ததில்லை.

அதே 390இல், கான்ஸ்டான்டிநோபிளின் குதிரைப் பந்தய மைதானத்தில், தியோடோசியஸின் பெயரால் ஓர் எகிப்தியக் கல்தூண் நிறுத்தப்பட்டது. மூன்றாம் துத்மோஸ் கர்னாக்கில் எழுப்பியது. அடிப்பகுதி உடைந்துபோக மிஞ்சியது. இன்றும் இஸ்தான்புல்லில் நிற்கிறது. நான்கு வெண்கலத் துண்டுகளின் மேல் தூண், அதன் கீழே பளிங்குப் பீடம். பீடத்தில் ஒரு பக்கம் லத்தீன், ஒரு பக்கம் கிரேக்கம் என்று இரண்டு கல்வெட்டுகள். தூணை நிறுத்த 30 நாள் ஆனதாக லத்தீன் சொல்கிறது. 32 என்கிறது கிரேக்கம். ஒரே பீடத்தில் இரண்டு கணக்கு. வேலையைச் செய்வித்த நகர அதிகாரி ப்ரோக்ளஸின் பெயர் இரண்டிலும் உண்டு. சில ஆண்டுகளில் அரண்மனைப் பகையில் ப்ரோக்ளஸைக் கொன்றார்கள். பெயரைச் செதுக்கி அழித்தார்கள். பிறகு குடும்பத்தின் மானம் மீண்டபோது, அழித்த பள்ளத்திலேயே மறுபடி வெட்டினார்கள். பேரேட்டில் தவறு நேர்ந்தால் அழிக்கக் கூடாது, அடித்துவிட்டு மேலே எழுதிச் சுருக்கொப்பம் போட வேண்டும் என்பது எனக்கு வேலையில் சேர்ந்த முதல் வாரம் சொல்லிக்கொடுத்தது. கல்லில் அதற்கு வழியில்லை. வெண்கலத்தை மறுபடி வார்க்கலாம், பெயரையும் மறுபடி வெட்டலாம். ப்ரோக்ளஸின் கழுத்தைப் பற்றி மக்கெடோனியஸ் சொன்னதுதான்.

பீடத்தின் நான்கு புறமும் புடைப்புச் சிற்பம். மேலே மாடத்தில் தியோடோசியஸும் குடும்பமும், சுற்றி அதிகாரிகள், காவலர்கள். ஒரு பக்கத்தில் மண்டியிட்டுக் காணிக்கை நீட்டும் அந்நியர். இன்னொரு பக்கத்தில், வெற்றி பெற்றவனுக்குக் கொடுக்கச் சக்கரவர்த்தி கையில் மாலையோடு நிற்க, அவர் காலடியில் பந்தயம் பார்க்க வந்த ஜனங்கள், தலைதலையாக, இரண்டு வரிசை. இந்தச் சிற்பத்தைக் கிரேக்கக் கலையின் வீழ்ச்சி என்று ஒரு சாரார் எழுதினார்கள். வீழ்ச்சியல்ல, புதிய அரூப நோக்கு, நேர்முகம், சமச்சீர் என்று இன்னொரு சாரார் எழுதினார்கள். இரண்டாவது கட்சியின் பாஷை நம் பத்திரிகைகளுக்கும் பழக்கமானது. நானே அந்தப் பாஷையில் எழுதியிருக்கிறேன். அந்த ஜனங்கள் யாரைப் பார்க்க உட்கார்ந்திருக்கிறார்கள் என்று இரு கட்சியும் கேட்கவில்லை. தேர்களையா? தேர்கள் அவர்களுக்கு முன்னால் இல்லை. சற்றுத் தள்ளி வேறொரு ஊரில் அதே ஆண்டில், இதே போன்ற படிகளில், இதே போல உட்கார வைக்கப்பட்டவர்கள் யார் என்பது உளியைப் பிடித்தவனுக்குத் தெரிந்திருக்குமா என்பதும் எனக்கு விளங்கவில்லை. அவனுக்கும் ஓர் எண்ணிக்கை கொடுத்திருப்பார்கள்.

நூலகத்தில் இருந்த ஒரு புத்தகத்தில்தான் இந்தப் படத்தைப் பார்த்தேன். அச்சு சுமார். மழையும் வெயிலும் பல மூக்குகளைத் தேய்த்துவிட்டிருந்தன. ஒரு முகத்தை இன்னொன்றிலிருந்து பிரித்துப் பார்க்க முடியுமா என்று படத்தை ஜன்னலோரம் கொண்டுபோய்ப் பார்த்தேன், முடியவில்லை. சரி, எத்தனை பேர் என்றாவது பார்ப்போம் என்று பென்சில் முனையை வைத்து எண்ணினேன். இரண்டு முறை எண்ணினேன். இரண்டு விடை வந்தது.