அண்மையும் அன்பும்

விலங்குகளிடத்துக் கருணை காட்டுதல் அறம் என்பதை மறுப்போர் இன்று அரியர். ஆயின், அக்கருணைக்குரிய விலையைச் செலுத்த வேண்டியவர் யாவர் என்ற வினா எழுந்ததும் கருத்தொருமை குலைந்துவிடுகின்றது. திருகோணமலை மாவட்டத்துக் கமக்காரரையும் செங்குரங்கையும் முன்வைத்து இவ்வினாவை ஆராயலாம்.

ஆபிரிக்காவின் மலைக் கொரில்லாவை நம்மில் எவரும் வெறுப்பதில்லை. விருங்கா எரிமலைத் தொடரிலும் உகண்டாவின் பிவிண்டிக் காட்டிலுமாக அவை ஏறத்தாழ 1,060 மட்டுமே உள்ளன. காஞ்சொறியும் மூங்கிற் குருத்தும் தின்று வாழ்பவை. நான்காண்டுக்கு ஒருமுறையளவில் ஒரு குட்டி ஈனுபவை. அவற்றை ஆய்ந்த டயன் பொசி 1985 இல் கொலையுண்ட செய்தி நம் இரக்கத்தை மேலும் மிகுவிக்கின்றது. அவ்விரக்கம் பொய்யன்று. எனினும், நம் வளவுத் தென்னையில் கொரில்லா ஏறியதில்லை என்பதையும் நினைவிற் கொள்ளுதல் வேண்டும்.

செங்குரங்கோ இலங்கையிலன்றி வேறெந்நாட்டிலும் இயல்பாக வாழாத உயிர். உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அதனை அழிவை எதிர்நோக்கும் இனங்களுள் ஒன்றாக வகுத்துள்ளது. கன்னியாப் பகுதித் தோட்டக்காரரிடம் இதனைக் கூறின் அவர் நகைப்பார். குரும்பையைக் கடித்தெறிந்து, கூரையோட்டைப் பெயர்த்து, கன்னப்பை நிறைய அள்ளிச் செல்லும் கூட்டம் எங்ஙனம் அருகிய இனமாகும்? அவர் கேள்வி நேரியதே. காடு குறையுமிடத்துக் குரங்குகள் தோட்டத்தையும் குப்பைமேட்டையும் நாடிக் குவிகின்றன. ஊரருகே தோன்றும் பெருக்கம் இனத்தின் முழுநிலையைக் காட்டாது. பொலன்னறுவையில் 1968 முதல் நிகழ்ந்துவரும் ஆய்வு, தாயின் படிநிலையே மகளுக்கு வாய்க்கின்றது என்றும், உணவு அருகுங்கால் தாழ்நிலைக் குட்டிகளே முதலில் மடிகின்றன என்றும் காட்டியது. (பிரட்றிக் கோட்டைப் புள்ளிமான்கள் நகருள் திரிகையில் நாம் படம்பிடித்து மகிழ்கிறோம், மானிடம் பொறுமை காட்டுதல் எளிது.)

2023 ஏப்பிரலில், 1,00,000 செங்குரங்குகளைச் சீனாவுக்கு அனுப்பும் யோசனையை விவசாய அமைச்சர் வெளியிட்டார். சூழலியலாளர் நீதிமன்றஞ் சென்றனர். ஏற்றுமதி நிகழாது என்று ஜூனில் மன்றுக்கு அறிவிக்கப்பட்டது. எதிர்த்தோர் பக்கமே நியாயம் என்பது என் துணிபு. ஆனால், வழக்கு முடிந்ததும் தோட்டக்காரரை யாவரும் மறந்தனர். குரங்குகளைப் பிடித்து வேறிடத்தில் விடுதலும் தீர்வன்று. அது துன்பத்தை அயலூருக்கு மாற்றுவதோடு, அங்குள்ள கூட்டத்துடன் பூசலையும் விளைவிக்கும்.

மனிதனை ஒத்திருத்தலால் குரங்கினத்தைக் காக்க வேண்டும் என்பர் சிலர். ஒப்புமையே அளவுகோலாயின், மனிதனே ஆகிய கமக்காரன் அவ்வரிசையில் எவ்விடம் பெறுவான்? காத்தல் எல்லோர்க்கும் பொதுக்கடன் என்போமாயின், செலவும் பொதுவாதல் வேண்டும். விருங்கா அடிவாரத்துக் கமக்காரரும் காட்டெருமையாலும் கொரில்லாவாலும் பயிரிழப்பவரே. ருவாண்டாவில் கொரில்லாவைக் காணச் செல்லும் வெளிநாட்டவர் 1,500 டொலர் செலுத்துகின்றனர்; 2017 முதல் பூங்கா வருவாயில் பத்திலொரு பங்கு அயற்கிராமங்களுக்கு ஒதுக்கப்படுகின்றது. அது போதுமா என்பது வேறு விடயம். கடன் உண்டென்பதையேனும் அந்நாடு ஒப்புக்கொண்டது.

இங்கோ, நிலாவெளிக்கு வரும் பயணி கன்னியா வெந்நீரூற்றில் நீராடி, வழியிற் கண்ட குரங்குக்கு வாழைப்பழம் எறிந்து, மகிழ்வோடு ஊர் திரும்புகின்றான். மறுநாட் காலை அக்கூட்டம் இறங்கும் தோட்டம் அவனுடையதன்று.